மஞ்சள் இரட்டை வளையம்

பிப்ரவரி 3, செவ்வாய்

கம்பெனி நோட்டில் மூன்று கட்டங்கள்தான்: மரத்தின் எண், சுற்றளவு, உயரம். அதில் அடங்காததை எழுத இந்த நோட்டு. கயானாவின் இந்தக் காட்டுக்கு வந்த ஏழு மாதத்தில் இன்றுதான் எனக்கு உருப்படியாக ஒரு யோசனை தோன்றியிருக்கிறது. தேதி போட்டு எழுதி வைக்காவிட்டால் நாளைக்கு மேனேஜர் அது தன்னுடையது என்பார்.

என் வேலை, ரம்பக்காரர்களுக்கு ஒரு மாதம் முன்னால் காட்டுக்குள் போவது. மரத்தை அளந்து, சுத்தியலின் பின்பக்கத்தால் நாலு இடத்தில் தட்டிப் பார்த்து, வெட்டத் தகுந்ததென்றால் எண் தகடு அடிப்பது. செங்கோட்டை அறுவை மில்லில் பத்தொன்பது வருஷம் இந்தக் காதை வைத்துத்தான் சாப்பிட்டேன். வைரம் பாய்ந்த மரம் தட்டியதைத் திருப்பிச் சொல்லும். பொந்து மரம் வாங்கி வைத்துக்கொள்ளும். பொந்து மரம் கம்பெனிக்கு ஆகாது. அதற்குத் தகடு கிடையாது, விட்டுவிடுவேன்.

ஆனால் தகடு இல்லாத பெரிய மரத்தைப் பார்த்தால் ரம்பக்காரர்களுக்குக் கை அரிக்கும். அளக்கிற கோமதிநாயகம் கண்ணில் படாமல் போயிருக்கும் என்று தாங்களாகவே ரம்பத்தை இறக்குவார்கள். பாதியில் பொந்து தெரியும், அதற்குள் மரம் சாய ஆரம்பித்திருக்கும். யாருக்கும் பயனில்லாமல் காட்டுக்குள் கிடக்கும். அதனால் இன்றிலிருந்து பொந்து மரங்களுக்கெல்லாம் நெஞ்சு உயரத்தில் சுற்றி ஒரு மஞ்சள் வளையம். அளந்தவன் பார்த்துவிட்டான், விட்டுவிடு என்று அர்த்தம்.

பெயின்ட் குத்தாலிங்கம் அத்தான் ஒர்க்‌ஷாப்பிலிருந்து கொடுத்தார், புல்டோசருக்கு அடிக்கிற மஞ்சள். என் அக்கா செண்பகத்தின் வீட்டுக்காரர் அவர். இங்கே மெக்கானிக்காக வந்து ஆறு வருஷமாகிறது. என்னை இந்த வேலைக்கு இழுத்து வந்தவரும் அவர்தான். "மரத்துக்கு வளையல் போடப் போறியா மாப்ள? வளைகாப்புக்கு எங்களுக்கும் சொல்லி அனுப்பு" என்றார்.

பிப்ரவரி 6, வெள்ளி

பதினொரு வளையம். கை, சட்டை, சாப்பாட்டுத் தட்டு எல்லாம் மஞ்சள்.

பிப்ரவரி 11, புதன்

ஓடைக்கரையில் ஒரு மோரா மரம். நாலு பேர் கைகோத்தால்தான் அணைக்க முடியும். தட்டினேன், பதிலே இல்லை. இரண்டாவது தடவை தட்டியதும் உச்சியில் தகரத்தைக் கிழிக்கிற மாதிரி ஒரு கத்தல். இரண்டு பஞ்சவர்ணக்கிளிகள் பொந்திலிருந்து வெளியே பாய்ந்து தலைக்கு மேல் சுற்றின. சிவப்பு உடம்பு, இறக்கையில் பச்சையும் நீலமும், வால் மட்டும் ஒரு முழம். ஊரில் கல்யாண மண்டபத்து வாசலில் பிளாஸ்டிக்கில் பார்த்ததுதான். உயிரோடு பார்க்கையில் வாய் பிளந்து நின்றுவிட்டேன்.

லெனக்ஸ் சிரித்தான். எனக்கு வழி வெட்டிக்கொண்டு கூடவே வருகிறவன். ஆற்றங்கரைக் கிராமத்துக்காரன், என் வயதுதான். அவன் ஆங்கிலமும் என் ஆங்கிலமும் பாதி வழியில் சந்தித்துக்கொள்ளும்.

"கதவைத் தட்டினா வீட்டுக்காரங்க வெளியே வரத்தானே செய்வாங்க?" என்றான்.

கயிற்றைப் போட்டு ஏறிப் பார்த்துவிட்டு வந்தான். மூன்று முட்டை. நாங்கள் ஓடைக்கு அந்தப் பக்கம் போய் உட்கார்ந்ததும் பெண் கிளி உள்ளே போய்விட்டது, ஆண் கிளி மட்டும் கிளையில் இருந்து எங்களை முறைத்தது.

"வருஷா வருஷம் இதே பொந்துதான்," என்றான் லெனக்ஸ். "இதுங்களுக்குத் தோதான பொந்து லேசில் கிடைக்காது. உள்ளே அழுகி, கிளை ஒடிஞ்சு, வாய் திறந்து... உன் ஆயுசையும் என் ஆயுசையும் சேர்த்து வாழ்ந்தாலும் அது முடியுறதைப் பார்க்க முடியாது."

ஏழு மாதமாக இந்த மரங்களை உதவாக்கரை என்று தள்ளிக்கொண்டிருந்திருக்கிறேன். வெட்கமாக இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது.

பிப்ரவரி 15, ஞாயிறு

மேனேஜரிடம் பேசினேன். ஒற்றை வளையம் போட்ட மரத்தை ரம்பக்காரர்கள் விட்டுவிடுகிறார்கள் என்றாலும், வெட்டிய மரத்தடிகளை இழுத்துப் போகிற பாதையில் குறுக்கே நின்றால் புல்டோசர் தள்ளிவிடுகிறது. அதனால் கிளிக்கூடு இருக்கிற மரத்துக்கு இரட்டை வளையம் போடுகிறேன், அங்கே பாதை வளைந்து போகட்டும் என்றேன். அவர் மலேசியாக்காரர், எதையும் சட்டென்று ஒத்துக்கொள்ள மாட்டார். இதற்குத் தலையாட்டினார். காட்டைப் பார்வையிட வெளிநாட்டிலிருந்து ஆட்கள் வரப்போகிறார்களாம், காட்டுவதற்கு நன்றாக இருக்கும் என்றார். எதற்காக இருந்தால் என்ன?

சொர்ணத்திடம் போனில் சொன்னேன். "அங்க கிளிக்கு வீடு பாக்கியளாக்கும். இங்க நம்ம வீட்டு மோட்டாரு ரெண்டு நாளா ஓடல, அதைப் பாக்க ஒரு நாதியில்ல" என்றாள். என் மனைவிக்கு எந்தப் பெருமையையும் ஒரே வாக்கியத்தில் இறக்கி வைக்கத் தெரியும்.

பிப்ரவரி 24, செவ்வாய்

இரட்டை வளையம் இதுவரை ஒன்பது. சாப்பிட்டுக்கொண்டிருக்கையில் அத்தான் வந்து உட்கார்ந்தார்.

"மாப்ள, அந்த இரட்டை வளைய மரமெல்லாம் எங்கெங்க நிக்குன்னு ஒரு பேப்பர்ல எழுதித் தா. புல்டோசர் டிரைவரு தெரியாம இடிச்சுட்டா உன் உழைப்பெல்லாம் வீணாப் போயிரும்லா?"

ரொம்ப அக்கறையாகக் கேட்டார். மெனக்கெட்டு வரைபடமே போட்டுக் கொடுத்தேன். ஓடை, மேடு, பாதையிலிருந்து எத்தனை எட்டு என்பதெல்லாம் தெளிவாக. கீழே கையெழுத்தும் போட்டேன், பழக்கதோஷம்.

மார்ச் 4, புதன்

ஓடைக்கரை மோராவில் குஞ்சு பொரித்துவிட்டது. இரண்டு. மூன்றாவது முட்டை கூழாம். லெனக்ஸ் போனில் படம் எடுத்து வந்தான். மயிரில்லாத, கண் திறக்காத, வாய் மட்டும் உள்ள இரண்டு ஜீவன்கள். இவ்வளவு அழகான பெற்றோருக்கு இப்படியா என்றேன். உன் பிள்ளை பிறந்த அன்றைக்கு எடுத்த படத்தைக் காட்டு பார்ப்போம் என்றான்.

மார்ச் 12, வியாழன்

மழை. பெயின்ட் ஒட்டவில்லை. முதுகுவலி.

மார்ச் 20, வெள்ளி

சுத்தியல் காம்பு ஒடிந்துவிட்டது. மாற்ற ஒர்க்‌ஷாப்புக்குப் போனேன். அத்தான் இடதுகை ஆள்காட்டி விரலில் பெரிய கட்டு. ஸ்பானர் வழுக்கிவிட்டதாம். ஸ்பானர் வழுக்கினால் முட்டிதானே பெயரும், விரல் நுனி எப்படி இரண்டு பக்கமும் கிழியும் என்று கேட்டேன். "நீ எப்ப டாக்டருக்குப் படிச்ச?" என்று சிரித்தார்.

மூலையில் ஏர் ஃபில்டர் வருகிற அட்டைப்பெட்டிகள் ஐந்தாறு, பக்கவாட்டில் ஆணியால் குத்திய ஓட்டைகள். கேட்கவில்லை. ஃபில்டரில் ஈரம் சேராமல் இருக்கக் காற்றுக்காக இருக்கும்.

மார்ச் 30, திங்கள்

மேட்டுப்பக்கத்து இரட்டை வளைய மரத்தில், பொந்துக்குக் கீழே கோடரியால் சதுரமாக வெட்டித் திறந்திருக்கிறார்கள். உள்ளே ஒன்றுமில்லை. மழை நேராக உள்ளே இறங்கும், இனி அது பொந்து இல்லை. தேன் எடுக்க வந்தவர்கள் வேலையாக இருக்கும் என்றேன்.

லெனக்ஸ் மரத்தைப் பார்த்தான், வளையத்தைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். அப்புறம் கத்தியை எடுத்துக்கொண்டு முன்னால் நடந்தான். 

ஏப்ரல் 2, வியாழன்

ஓடைக்குத் தெற்கே இன்னொன்று. அதே சதுரம்.

ஏப்ரல் 8, புதன்

ஓடைக்கரைக் குஞ்சுகளுக்கு இறகுக் குருத்து விட்டிருக்கிறது. பெரியது கோழி அளவு. இறக்கையில் நீலம் எட்டிப் பார்க்கிறது. சின்னது எப்போதும் பின்னால் ஒண்டி நிற்கிறது, படத்தில் பாதி முகம்தான் தெரிகிறது. எனக்கு அதன் மேல்தான் பிரியம். நானும் வீட்டில் கடைக்குட்டி.

எப்போது பறக்கும் என்று கேட்டேன். ஜூன் முதல் வாரம் என்றான் லெனக்ஸ். "அதுவரைக்கும் விட்டா" என்று சேர்த்துக்கொண்டான்.

இந்த மாதங்களில் கிளி பிடிக்கக்கூடாது என்று சட்டம் இருக்கிறதாமே என்று கேட்டேன். இருக்கிறது என்றான். அதைப் பார்க்கிற ஆபீஸ் ஆற்றில் இரண்டு நாள் போனால் வரும். அங்கே இரண்டு பேர், ஒரு படகு. படகுக்கு மோட்டார் இல்லை.

ஏப்ரல் 14, செவ்வாய்

சித்திரை விசு. அத்தான் சேமியா பாயசம் வைத்தார். முந்திரிக்குப் பதில் இந்தக் காட்டுக் கொட்டை. பரவாயில்லை. அக்கா கல்யாணத்தில் பந்தியில் பாயசம் தீர்ந்துபோய் அப்பா முகம் செத்துப்போனதும், மாப்பிள்ளையான இவரே எழுந்து, "எனக்குச் சர்க்கரை ஆகாது மாமா" என்று பொய் சொல்லித் தன் இலைக்கு வேண்டாமென்றதும் பேச்சில் வந்தது. நல்ல மனுஷர். இதை எழுதியே ஆக வேண்டும். நல்ல மனுஷர்.

கை கழுவுகையில் கேட்டார்: "ஓடைக்கரை மரத்துக் குஞ்சுக்கு இறகு விட்டுட்டா மாப்ள?"

இறகு விடப்போகிற பருவம் அவருக்கு எப்படித் தெரியும்? நான்தான் எப்போதாவது சொல்லியிருப்பேன். நான் நிறையப் பேசுகிறவன்.

ஏப்ரல் 19, ஞாயிறு

காலை பத்து மணிக்கு ரம்பச் சத்தம் கேட்டது. ஞாயிற்றுக்கிழமை ரம்பம் ஓடாது. துணி துவைத்துக்கொண்டிருந்தேன். ஓவர்டைம் ஏதாவது இருக்கும் என்று நினைத்தேன். ஓடைப்பக்கத்திலிருந்து வருகிறதே என்றும் நினைத்தேன். நாலு சட்டையையும் துவைத்து, அலசி, காயப்போட்ட பிறகுதான் போனேன். இதை மாற்றி எழுத எனக்கு மனம் வரவில்லை.

மோரா ஓடைக்குக் குறுக்கே கிடந்தது. இரண்டு மஞ்சள் வளையமும் அடிக்கட்டையில் அப்படியே இருந்தன, அதற்கு ஒரு சாண் மேலே அறுத்திருக்கிறார்கள். விழுந்ததில் பொந்து வாய் பிளந்து, உள்ளே இருந்த மரத்தூள் எல்லாம் கொட்டியிருந்தது. அதில் ஒரு குஞ்சு. சின்னது. கழுத்து திரும்பிக் கிடந்தது. உடம்பில் சூடு இருந்தது.

மேலே பெற்றோர் இரண்டும் சுற்றின. மரம் இருந்த உயரத்துக்கு வந்து, உட்கார இடமில்லாமல் தடுமாறி, மறுபடி சுற்றின. அந்தக் கத்தலைப் பற்றி எழுதத் தெரியவில்லை. காதைப் பொத்திக்கொண்டு ஒர்க்‌ஷாப்பைப் பார்த்து நடந்தேன். எங்கே போக வேண்டும் என்று என் காலுக்குத் தெரிந்திருந்தது.

அட்டைப்பெட்டிக்குள் பெரிய குஞ்சு இருந்தது. கிரீஸ் துணி விரித்திருந்தார்கள். என்னைப் பார்த்ததும் வாயைத் திறந்தது, யாரைப் பார்த்தாலும் திறக்கும் போல.

"அத்தான், இது ஓடைக்கரை மரத்துக் குஞ்சுதானே?"

"அதுக்கென்ன இப்போ?"

"மரத்தை வெட்டுனது நீங்களா?"

"நான் எங்க வெட்டுனேன்? ஸ்பானரைத் தவிர நான் எதைத் தொட்டேன்? லாரிக்கார டெஸ்மண்டு ஆளுவ கொண்டாந்தானுவ. ஏறி இறங்க நேரமில்லையாம், சாச்சுட்டானுவ. நான் பெட்டியில வச்சு வண்டியேத்துதேன், அவ்வளவுதான். யாரோ எங்கேயோ ஆசையா வளக்கப் போறான்."

"எந்த மரம்னு அவனுவளுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

அத்தான் என் முகத்தைப் பார்க்கவில்லை. கையைத் துடைத்துக்கொண்டே, "நீதானலே வரைஞ்சு குடுத்த" என்றார்.

 என்னென்னவோ கத்தினேன். கண்ணில் தண்ணீர் வேறு வந்து தொலைத்தது. அவர் கத்தவில்லை. பொறுமையாகத்தான் கேட்டார்.

"மாப்ள, வெட்டச் சொல்லி நீ தகடு அடிச்ச மரம் இதுவரைக்கும் எத்தனை? ரெண்டாயிரம் இருக்குமா? அதுல ஒண்ணுலகூடக் குருவி கூடு கட்டலையா? நான் ஒரு குஞ்சை எடுத்தா பாவம். நீ காட்டையே எடுத்தா அதுக்குப் பேரு உத்தியோகம்."

பெட்டியின் முன்னால் குத்தவைத்து உட்கார்ந்தேன். 

வாழைப்பழத்தை மசித்துக் குஞ்சுக்குக் கொடுத்தேன், இரண்டு கரண்டி தின்றது. வேறு கூட்டில், ஒற்றைக் குஞ்சு இருக்கிற பொந்தில் வைத்துப் பார்க்கலாம் என்று லெனக்ஸ் ஒருமுறை சொன்னது ஞாபகம் வந்தது. அவனைக் கூட்டிவர ஆற்றங்கரைக்கு ஓடினேன். அத்தானிடம், "நான் வரவரைக்கும் இதை எங்கயும் அனுப்பாதீய" என்று கையைப் பிடித்துச் சொன்னேன். சரி என்றார்.

நாங்கள் திரும்பி வர ஒன்றரை மணி நேரம் ஆகியிருக்கும். லெனக்ஸ் கயிற்றைத் தோளில் போட்டுக்கொண்டே வந்தான். பெட்டி இல்லை.

"வண்டி போயிட்டு மாப்ள," என்றார் அத்தான். "நான் சொன்னா அவன் நிக்கவா போறான்?"

ஏப்ரல் 20, திங்கள்

வேலைக்குப் போகவில்லை. காய்ச்சல் என்று சொல்லிவிட்டேன். கிளிகள் கத்துவது இங்கே வரை கேட்கிறது.

ஏப்ரல் 21, செவ்வாய்

இன்றைக்கும் கேட்கிறது.

ஏப்ரல் 22, புதன்

ஆற்று ஆபீசுக்கு மனு எழுதினேன். ஆங்கிலத்தில் ஒரு பக்கம். எழுதி முடித்துப் படித்தால், அதில் வருகிற குற்றவாளிகளுக்கு எதிராக இருக்கிற ஒரே சாட்சி என் கையெழுத்துப் போட்ட வரைபடம். சரி, நானும் மாட்டிக்கொள்கிறேன் என்றுதான் மடித்துப் பையில் வைத்தேன்.

மத்தியானம் அக்கா கூப்பிட்டாள். அத்தான் சொல்லியிருக்கிறார்.

"தம்பி, அவிய ஏதோ கூறுகெட்ட வேலை செஞ்சுட்டாவளாம். நீ கோவமா இருக்கியாமே."

"நான் ஒண்ணும் சொல்லலக்கா."

"நீ சொல்லாம இருக்கணும்னுதான் கூப்பிடுதேன். கிளிக்குஞ்சுதானே தம்பி, மனுசனைக் கொன்னுபுடலையே. அந்த ஊர்க்காரன் உள்ள பிடிச்சுப் போட்டான்னா, நான் எந்தத் திசையில வந்து யாருகிட்ட என்ன பாசையில அழுவேன்? சொல்லு பாப்போம்."

போனை மறு காதுக்கு மாற்றினேன்.

"உன் கூடப்பொறந்தவ கேக்குதேன் நாயகம். ஒரு குஞ்சை நெனைச்சு எங்க கூட்டைக் கலைச்சுராதே."

அக்காவுக்கு அந்த மரம் சாய்ந்தது தெரியாது, அந்தச் சின்னதின் கழுத்து தெரியாது. சொன்னாலும் அவளுக்கு என்ன செய்ய முடியும்? சரிக்கா என்றேன். மனுவை அடுப்பில் போட்டேன்.

இன்றைக்குச் சத்தம் கேட்கவில்லை. கிளிகள் போய்விட்டன என்றான் லெனக்ஸ். எங்கே என்று கேட்டேன். அதுகளுக்கே தெரியாது என்றான்.

ஏப்ரல் 25, சனி

மூன்று நாளாக நானும் லெனக்ஸும் வளையங்களை அழித்தோம். தின்னரும் கம்பி பிரஷும். பெயின்ட் பட்டைக்குள் இறங்கியிருக்கிறது, சுரண்டினால் மரத்தோல் வருகிறது. முதலில் இரட்டை வளையம் எல்லாவற்றையும் எடுத்துவிட்டோம், பதினான்கு மரம். வரைபடம் அவனுகளிடம் இருந்தாலும் எட்டு எண்ணி வந்து வளையத்தைத் தேடுவார்கள், கிடைக்காமல் திணறட்டும்.

லெனக்ஸ் எதிர்ப்பேதும் சொல்லாமல் சுரண்டினான். கடைசி மரத்தில்தான் கேட்டான்: "ரம்பக்காரர்களுக்கு என்ன சொல்லப் போறே?"

"இந்த மரத்தையெல்லாம் தொடாதேன்னு வாயால சொல்லுவேன்."

"காட்டில வாயால சொன்னது எத்தனை நாள் நிக்கும்?"

ஏப்ரல் 30, வியாழன்

ஐந்து நாள் நின்றது.

ரம்பக் கோஷ்டியில் புதிதாக நாலு பேர் வந்திருக்கிறார்கள். எனக்குத் தெரியாது, எனக்கு யாரும் சொல்லவில்லை. தகடும் இல்லை, வளையமும் இல்லை, அளக்க மறந்த மரம் என்று சாய்த்துவிட்டார்கள். நாங்கள் சுரண்டிய பதினான்கில் ஒன்று. "வளையம் இருந்தா தொட்டிருக்கவே மாட்டோமே சார்" என்று அவர்களே வருத்தப்பட்டார்கள். உண்மையிலேயே வருத்தப்பட்டார்கள்.

உள்ளே இரண்டு குஞ்சு, செத்துக் கிடந்தன. இறகு முழுசாக விட்டவை.

டெஸ்மண்ட் ஆட்கள் எடுத்திருந்தால் அதுகள் பெட்டிக்குள்ளாவது உயிரோடு இருந்திருக்கும். இப்படி நினைத்ததற்காக என்னையே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது. ஆனால் நினைத்தேன்.

மே 1, வெள்ளி

விடுமுறை. பதின்மூன்று மரத்துக்கும் மறுபடி இரட்டை வளையம் போட்டோம். பழைய சுரண்டல் மேலேயே. ரம்பக்காரர்களிடமிருந்து காப்பாற்றத்தான். மற்றவர்களிடமிருந்து காப்பாற்ற எந்த நிறத்தில் போடுவது என்று லெனக்ஸிடம் கேட்டேன். அவன் சிரிக்கவில்லை.

மே 6, புதன்

அத்தான் ஊருக்குப் போகிறார். இரண்டு மாத லீவு என்கிறார், திரும்ப வரமாட்டார் என்று எனக்குத் தோன்றுகிறது. படகுத்துறை வரை பையைத் தூக்கிக்கொண்டு போனேன். இரண்டு வாரத்துக்கு மேலாக நாங்கள் சரியாகப் பேசிக்கொள்ளவில்லை.

படகில் ஏறுமுன் சொன்னார்: "மாப்ள, உன் மேல சத்தியமா அதுக்கப்புறம் ஒண்ணும் ஏத்தலை. டெஸ்மண்டுகிட்டயும் சொல்லிட்டேன், என் மச்சினன் மரத்தைத் தொடாதேன்னு."

"அவன் என்ன சொன்னான்?"

"இனிமே உங்க பேப்பரே வேண்டாம்னான். அப்படின்னா விட்டுட்டான்னுதானே அர்த்தம்?"

அப்படித்தான் இருக்கும் என்றேன். அக்காவுக்குக் கொடுக்க ஒரு பொட்டலம் கொடுத்தேன், சொர்ணத்துக்கு ஒன்று. கையை ஆட்டினார். ஆறு வருஷமாக என் அக்கா குடும்பத்தை இந்தக் கைதான் காப்பாற்றியது. ஆள்காட்டி விரலில் தழும்பு நன்றாகவே தெரிந்தது. நானும் கையை ஆட்டினேன்.

மே 8, வெள்ளி

ஒர்க்‌ஷாப்பில் பெயின்ட் கேட்டேன். மஞ்சளில் மூன்று டின் கணக்கில் வரவில்லை என்று புது மெக்கானிக் என்னைச் சந்தேகமாகப் பார்த்தான். நான் எடுக்கவில்லை.

மே 13, புதன்

அடுத்து வெட்டப்போகிற ஒன்பதாம் பிளாக் ஆற்றுக்கு அந்தப் பக்கம். இதுவரை எங்கள் ஆள் ஒருவரும் காலடி வைக்காத காடு. நாளை மறுநாள் ரம்பக்காரர்கள் இறங்குகிறார்கள். வழக்கமாக ஒரு மாதம் முன்னால் அளக்க வேண்டியது, மழைக்கு முன் முடிக்க வேண்டும் என்று மேனேஜர் அவசரப்படுத்தியதில் இரண்டு நாள்தான் கிடைத்தது.

படகை விட்டு இறங்கி நூறு எட்டு நடந்திருப்போம். எதிரே ஒரு பெரிய மோரா. நெஞ்சு உயரத்தில் இரட்டை வளையம், மஞ்சள்.

லெனக்ஸைப் பார்த்தேன். அவனும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். "நான் இல்லை" என்றான்.

அருகில் போய்ப் பார்த்தோம். அதே புல்டோசர் மஞ்சள். பெயின்ட் காய்ந்து ஒரு வாரம் ஆகியிருக்கும். வளையத்துக்குக் கீழே கத்தியால் மூன்று கீறல். சுத்தியலால் தட்டினேன், சத்தம் திரும்பவில்லை. மேலே தகரம் கிழிகிற அதே கத்தல்.

"கிளி பிடிக்கிறவனோட அடையாளம் இது," என்றான் லெனக்ஸ் கீறலைத் தடவிக்கொண்டே. "இந்தக் கூடு என்னுடையது, வேறே எவனும் தொடாதேன்னு சொல்றான்."

"வளையம் எதுக்கு?"

கேட்டு முடிப்பதற்குள் எனக்கே புரிந்துவிட்டது. குஞ்சு இறகு விடும்வரை மரம் நிற்க வேண்டும். அதற்கு முன் எங்கள் ரம்பம் வந்துவிட்டால் அவனுக்கு நஷ்டம். இரட்டை வளையம் இருந்தால் ரம்பக்காரன் தொடமாட்டான், பாதையே வளைந்து போகும். இந்தக் காட்டில் எல்லோரும் மதித்து நடக்கிற சட்டம் ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது, அதைப் போட்டவன் நான்.

சாயங்காலம் வரை நடந்தோம். ஏழு மரம். ஏழிலும் இரட்டை வளையம், ஏழிலும் கீறல், ஏழிலும் மேலே உயிர் இருந்தது. லெனக்ஸ் இரண்டில் ஏறிப் பார்த்தான். குஞ்சுகள் பறக்க இன்னும் மூன்று வாரம் வேண்டும் என்றான். கீறல் போட்டவன் அதற்கு முன்னால் வந்துவிடுவான், அவனுக்கும் நாள் கணக்குத் தெரியும்.

ஏழாவது மரம் ஆற்றை ஒட்டி நிற்கிறது. அதில் வளையம் முழுசாக இல்லை. முன்பக்கம் மட்டும் போட்டுவிட்டு, பின்பக்கம் முள்ளும் கொடியுமாக இருக்கிறதே என்று விட்டிருக்கிறான். சோம்பேறிப் பயல். ஆற்றிலிருந்து ஏறி வருகிற ரம்பக்காரர்களுக்கு முதலில் தெரியப்போவது அந்தப் பின்பக்கம்தான்.

தலைக்கு மேல் குஞ்சுகள் இரை கேட்டுக் கத்திக்கொண்டிருந்தன. தாயோ தகப்பனோ வந்து உட்கார்ந்தது, எங்களைப் பார்த்துவிட்டு உள்ளே போகாமல் கிளையிலேயே நின்றது.

வளையத்தைச் சுரண்டினால் வெள்ளிக்கிழமை ரம்பம். அப்படியே விட்டாலும் அநேகமாக வெள்ளிக்கிழமை ரம்பம். முழுசாக்கினால் அதன் பிறகு சில நாள் இருக்கும், கீறல்காரன் வருகிறவரை. மேனேஜரிடம் சொல்லலாம், வளையம் இருக்கிறதே, அப்புறம் என்ன என்பார். ஆற்று ஆபீசில் சொல்லலாம், அவர்கள் படகுக்கு மோட்டார் வரட்டும்.  எனக்குத் தெரிந்த வேலைகள் மூன்றுதான்: அளப்பது, தட்டுவது, பெயின்ட் அடிப்பது.

லெனக்ஸ் கத்தியை எடுத்துப் பின்பக்கத்து முள்ளை வெட்டி வழி செய்தான்.

டின்னைத் திறந்தேன். கீறல்காரன் விட்ட இடத்திலிருந்து பிரஷை வைத்து இழுத்து, இரண்டு வளையத்தையும் முழுசாக்கினேன். கோணாமல் வந்தது. இப்போது பார்த்தால் எது அவன் போட்டது, எது நான் போட்டது என்று யாராலும் சொல்ல முடியாது.